குழந்தையின் மூச்சில் சத்தம் கேட்கிறதா?

மூச்சை வெளியே விடும்போது விசில்போலக் கேட்டால் அது வீசிங். நுரையீரலின் சிறு குழாய்கள் சுருங்கியிருக்கின்றன. டாக்டர் எழுதித் தந்த இன்ஹேலரை ஸ்பேசர் வைத்துக் கொடுங்கள். பழகிவிடுமோ என்ற பயம் வேண்டாம். மூச்சை உள்ளே இழுக்கும்போது சத்தம் வந்தால் அடைப்பு தொண்டைப் பக்கம். உடனே ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள்.

சளி, காய்ச்சல் எதுவும் இல்லாமல் விளையாடிக்கொண்டிருந்த பிள்ளைக்குத் திடீரென இருமலும் சத்தமும் வந்தால் வேர்க்கடலையோ புளியங்கொட்டையோ மூச்சுக்குழாயில் போயிருக்கலாம். இருமல் அடங்கிவிட்டதென்று தயவுசெய்து சும்மா இருந்துவிடாதீர்கள். உள்ளே தங்கும் கடலை நிமோனியாவில் கொண்டுபோய் விடும். எக்ஸ்ரேயில் பெரும்பாலும் கடலை தெரியாது. அதனால் என்ன தின்றது என்பதை டாக்டரிடம் நீங்கள்தான் சொல்லவேண்டும்.

பலமாக இருமினால் இருமவிடுங்கள். வாய்க்குள் விரல் விட்டுத் துழாவினால் பொருள் இன்னும் கீழே இறங்கும். இருமவோ அழவோ முடியாமல் திணறினால் குனியவைத்து, தோள்பட்டைகளுக்கு நடுவே உள்ளங்கையின் அடிப்பாகத்தால் 5 முறை ஓங்கித் தட்டுங்கள். கைக்குழந்தை என்றால் முன்கையில் குப்புறப்போட்டு, தலை தாழ்வாக இருக்கட்டும். கூடவே ஒருவர் 108-க்குப் போன் செய்யட்டும்.

வெறும் மூக்கடைப்புதான் என்றால் உப்புநீர்ச் சொட்டு மருந்தே போதும். மூக்கில் எண்ணெய் விடாதீர்கள். அது நுரையீரலுக்குள் இறங்கிவிடும்.