வேலை நேரத்தை யார் முடிவு செய்கிறார்கள்?

அன்புள்ள மகளுக்கு,

பொருளியல் படிக்கச் சேர்ந்திருக்கிறாய். முதலாளித்துவத்தை விமர்சிக்கும் நூல்களையும் படிக்க வேண்டும், எங்கே தொடங்கலாம் என்று கேட்டிருக்கிறாய். வேலை நேரத்திலிருந்து தொடங்கு என்பதுதான் பெரியப்பாவின் யோசனை. ஒருவர் ஒரு நாளில் எத்தனை மணி நேரம் பிறருக்காக உழைக்க வேண்டும் என்ற ஒரே கேள்விக்குள் கூலி, லாபம், இயந்திரம், சட்டம், அரசு எல்லாம் வந்துவிடும். தேவையும் வழங்கலும் சந்திக்கும் இடத்தில் கூலியும் நேரமும் தாமாக அமைந்துவிடுவதாக உன் பாடநூலில் கோடு போட்டுக் காட்டியிருப்பார்கள். அந்தக் கோடுகளை நன்றாகக் கற்றுக்கொள்; அவை வீணல்ல. ஆனால் வேலை நாளின் நீளம் வரலாற்றில் அப்படித் தானாக அமையவில்லை. இரு தரப்பின் பலமும், நடுவில் வந்த சட்டமும் சேர்ந்துதான் அதை நிர்ணயித்தன. அரசியல் பொருளாதாரம் என்ற பழைய பெயரில் ‘அரசியல்’ முன்னால் நிற்பதற்கு நியாயம் இருக்கிறது என்பதை இந்த ஒரு வரலாறே உனக்குக் காட்டிவிடும்.

இங்கிலாந்தில் 1833இல் வந்த தொழிற்சாலைச் சட்டம், பட்டு ஆலைகள் நீங்கலாக மற்ற துணி ஆலைகளில் 9 வயது நிரம்பாத குழந்தைகளை வேலைக்கு வைக்கக் கூடாது என்றது. அதற்கே ஒரு சட்டம் தேவைப்பட்ட காலம் அது. அடுத்து 10 மணி நேர வேலை நாள் கேட்டுத் தொழிலாளர்கள் கிளர்ந்தபோது, ஆக்ஸ்போர்டில் பேராசிரியராக இருந்த நாசோ சீனியர் 1837இல் ஒரு கணக்கோடு வந்தார். அதைப் பொறுமையாகப் பார். ஓர் ஆலையின் மூலதனம் 1 லட்சம் பவுண்டு. ஆண்டு விற்பனை 1 லட்சத்து 15 ஆயிரம். ஒரு நாள் வேலை பதினொன்றரை மணி நேரம், அதாவது 23 அரை மணிகள். முதல் 20 அரை மணிகள் மூலதனத்தைத் திருப்பித் தருகின்றன. 21ஆவது அரை மணி இயந்திரத் தேய்மானத்தை ஈடுகட்டுகிறது. கடைசி இரண்டு மட்டுமே லாபம். ஆகவே ஒரு மணி நேரத்தைக் குறைத்தால் லாபம் முழுவதும் போய்விடும், தொழிலும் அழிந்துவிடும் என்றார். கணக்கு கச்சிதமாகத் தெரிகிறது, இல்லையா? ஆனால் ஒரு மணி நேரம் குறைவாக நூற்றால் அந்த ஒரு மணி நேரத்துக்கான பஞ்சும் செலவாகாது என்பதை அவர் மறந்துவிட்டார். பஞ்சின் விலை நூலின் விலைக்குள் அப்படியே வந்து சேர்கிறது. அதைத் தொழிலாளி காலையிலிருந்து உட்கார்ந்து புதிதாக உண்டாக்கித் தர வேண்டியதில்லை. அவர் புதிதாகச் சேர்க்கும் மதிப்பு முதல் மணியிலேயே தொடங்கிவிடுகிறது. ஒவ்வொரு மணியிலும் ஒரு பங்கு கூலிக்கு ஈடாகிறது, மீதி முதலாளிக்குச் சேர்கிறது. பின்னாளில் மார்க்ஸ் உபரி மதிப்பு என்று விளக்கியது இந்த மீதியைத்தான். சீனியரின் கணக்கையே பிரித்துப் போட்டு அவர் காட்டும் பக்கங்கள், பொருளியல் மாணவர் எவரும் தவறவிடக் கூடாதவை.

நடந்தது என்ன என்பதையும் பார்ப்போம். பெண்களுக்கும் 18 வயதுக்குட்பட்டோருக்கும் 10 மணி நேரம் என்ற சட்டம் 1847இல் நிறைவேறி 1848 மே மாதம் முழு நடைமுறைக்கு வந்தது. ஆலைகள் மூடப்படவில்லை, அடுத்த பத்தாண்டில் பிரிட்டனின் பருத்தித் துணி ஏற்றுமதி பெருகியது. நேரத்தை நீட்ட முடியாத முதலாளிகள் வேகமான இயந்திரங்களை வாங்கினார்கள். ஆனாலும் சட்டம் வந்ததோடு சண்டை முடிந்துவிடவில்லை. காலை ஐந்தரை முதல் இரவு எட்டரை வரை ஆலையை ஓட்டி, ஆட்களைத் துண்டு துண்டான நேரங்களில் மாற்றி மாற்றி அழைத்து, யார் எத்தனை மணி உழைத்தார் என்று ஆய்வாளர் கண்டுபிடிக்க முடியாதபடி செய்தார்கள். 1850இல் நீதிமன்றம் அதைச் செல்லும் என்றே தீர்ப்பளித்தது. அதே ஆண்டு வந்த புதுச் சட்டம், வேலையைக் காலை 6 முதல் மாலை 6 வரை என்பதுபோன்ற குறிப்பிட்ட எல்லைக்குள் அடைத்த பிறகுதான் கண்காணிப்பு சாத்தியமானது. அப்போதும் உணவு இடைவேளையில் சில நிமிடங்கள், தொடங்கும் நேரத்துக்கு முன்னே சில நிமிடங்கள் என்று கிள்ளி எடுப்பதை ஆய்வாளர்கள் தங்கள் அறிக்கைகளில் பதிவு செய்தார்கள். தினம் 5 நிமிடம் என்றால் அற்பமாகத் தோன்றும். வாரத்துக்கு 6 நாள், ஆண்டுக்கு 50 வாரம் என்று பெருக்கிப் பார். 25 மணி நேரம், அதாவது இரண்டரை நாள் கூலியில்லா உழைப்பு. ஆயிரம் பேர் வேலை செய்யும் ஆலையில் அது எவ்வளவு என்று நீயே கணக்கிட்டுக்கொள்.

‘தொழிலாளி விரும்பித்தானே ஒப்பந்தம் செய்கிறார், நடுவில் சட்டம் எதற்கு?’ என்று உன் வகுப்பிலேயே கேட்பார்கள். இதற்கு மார்க்ஸிடம் போக வேண்டியதில்லை. ஆடம் ஸ்மித்திடமே பதில் இருக்கிறது. கூலியை உயரவிடாமல் வைத்திருக்க முதலாளிகள் தங்களுக்குள் எப்போதும் ஓசையில்லாத உடன்பாட்டில் இருக்கிறார்கள் என்றும், தகராறு வந்தால் கையிருப்பை வைத்து அவர்கள் நீண்ட நாள் தாங்குவார்கள், தொழிலாளர்களில் பலர் ஒரு வாரம்கூடத் தாங்கமாட்டார்கள் என்றும் 1776இல் அவர் எழுதினார். பிரிட்டனில் தொழிலாளர்கள் ஒன்றுசேர்வதை 1799, 1800ஆம் ஆண்டுச் சட்டங்கள் குற்றமாக்கின. 1824இல்தான் அவை நீக்கப்பட்டன. ஒரு தரப்பின் கையைக் கட்டிவிட்டு நடக்கும் பேரத்தைச் சுதந்திரமான ஒப்பந்தம் என்று சொல்ல முடியுமா? முதலாளிகள் கெட்டவர்கள் என்பதும் இங்கே வாதமல்ல. ஆலை முதலாளியான ராபர்ட் ஓவன் தன் ஆலையில் நேரத்தைக் குறைத்தும் லாபம் கண்டவர். அப்படிப்பட்டவரே எல்லோருக்கும் பொதுவான சட்டம் வேண்டும் என்று பாடுபட்டார். போட்டியில் பக்கத்து ஆலை 14 மணி நேரம் ஓடும்போது மனசாட்சி உள்ளவர் மட்டும் தனியாகக் குறைப்பது எளிதல்ல. தனிமனிதக் குணத்தைத் தாண்டி அமைப்பைப் பார்க்கக் கற்றுக்கொள்வதுதான் இந்தத் துறையின் முதல் பயிற்சி.

‘ஏழை நாட்டுக்கு இதெல்லாம் கட்டுப்படியாகாது, வேலைவாய்ப்பு போய்விடும்’ என்பது அடுத்த ஆட்சேபம். இதை எளிதாகத் தள்ளிவிடாதே. மூலதனம் நாடு விட்டு நாடு போகும் என்பது உண்மை. இந்தியாவின் முதல் தொழிற்சாலைச் சட்டம் 1881இல் வந்ததற்கு, பம்பாய் ஆலைகளின் போட்டியைக் கண்டு அஞ்சிய இங்கிலாந்தின் லங்காஷயர் ஆலை முதலாளிகளின் அழுத்தமும் ஒரு காரணம். ஆனால் அதற்குப் பின் நடந்ததையும் சேர்த்துப் படி. நாளுக்கு 11 மணி, வாரத்துக்கு 60 மணி என்று 1922இல் இருந்த உச்சவரம்பு 1934இல் 10, 54 என்று குறைந்தது. அம்பேத்கர் தொழிலாளர் துறையைக் கவனித்த காலத்தில் எடுத்த முயற்சியால் 1946இல் 9, 48 என்றானது; 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் அதை உறுதிசெய்தது. இன்றைவிடப் பன்மடங்கு ஏழையாக இருந்த நாடு செய்த வேலை இது. சென்னையில் தொழிற்சங்கத் தலைவர் சிங்காரவேலர் 1923இல் தொழிலாளர் நாளான மே தினத்தைக் கொண்டாடினார். நூறாண்டு கழித்து, 2023 ஏப்ரலில், நாளுக்கு 12 மணி நேரம் வரை வேலை வாங்க வழிசெய்யும் மசோதா தமிழ்நாடு சட்டமன்றத்தில் நிறைவேறியது. வாரத்துக்கு 48 மணி என்பது மாறாது, விருப்பப்பட்டவர்களுக்கு மட்டுமே என்று அரசு விளக்கம் சொன்னது. தொழிற்சங்கங்களும் ஆளுங்கட்சியின் கூட்டணிக் கட்சிகளும் எதிர்த்தன. மசோதா திரும்பப் பெறப்படுவதாக மே முதல் நாளில் முதல்வர் அறிவித்தார். எந்தத் தேவை-வழங்கல் கோடும் அந்த மசோதாவைத் திருப்பி அனுப்பவில்லை.

‘முதலாளித்துவம் கொடுத்த செல்வத்தை மறுக்க முடியுமா, அதை எதிர்த்த நாடுகள் என்ன ஆயின?’ என்பதுதான் மிகக் கனமான கேள்வி. முதல் பாதிக்குப் பதில்: மறுக்க முடியாது, 1848இல் கம்யூனிஸ்ட் அறிக்கை எழுதியவர்களே அதன் உற்பத்தி ஆற்றலை வியந்து எழுதியிருக்கிறார்கள். ஆனால் செல்வம் பெருகினால் ஓய்வும் தானாகப் பெருகும் என்று எண்ணாதே. நூறாண்டில் மக்கள் வாரத்துக்கு 15 மணி நேரம் உழைத்தால் போதும் என்று 1930இல் பொருளியலாளர் கெயின்ஸ் எதிர்பார்த்தார். உற்பத்தி பல மடங்கு உயர்ந்துவிட்டது. இங்கே நிறுவனத் தலைவர்களோ வாரத்துக்கு 70 மணி, 90 மணி உழையுங்கள் என்கிறார்கள். இரண்டாம் பாதிக்குப் பதிலைப் போலந்தில் தேடு. தொழிலாளர் அரசு என்று சொல்லிக்கொண்ட நாட்டில், 1980 ஆகஸ்டில் கதான்ஸ்க் கப்பல் கட்டும் தளத்துத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்து 21 கோரிக்கைகளை வைத்தார்கள். முதலாவது, அரசைச் சாராத சுதந்திரமான தொழிற்சங்கம். கடைசியானது, சனிக்கிழமை விடுமுறை. முதலாளி இருந்த இடத்தில் அரசு வந்து உட்கார்ந்தாலும், ஒன்றுசேரும் உரிமை இல்லாதவரின் நேரம் அவர் கையில் இருக்காது. ஆகவே எந்தக் கட்சியின் வேதமாகவும் இந்த விமர்சனத்தைப் படிக்காதே.

ஸ்மித்தின் நூலில் கூலி பற்றிய அத்தியாயம், மார்க்ஸின் ‘மூலதனம்’ முதல் தொகுதியில் வேலை நாள் பற்றிய அத்தியாயம் இரண்டையும் அடுத்தடுத்துப் படி. பின்னதற்குத் தியாகுவின் தமிழ் மொழிபெயர்ப்பு இருக்கிறது. கடினமாக இருந்தாலும் சுருக்கங்களை நம்பி விட்டுவிடாதே. படித்த கையோடு இன்றைய வேலைகளை அதே கண்ணால் பார். உணவு கொண்டுவந்து தருபவருக்கு ஆர்டருக்கு இவ்வளவு என்று பணம் கிடைக்கிறது. அடுத்த ஆர்டருக்காகச் சாலையோரம் காத்திருக்கும் நேரம் அந்தக் கணக்கில் எங்கே வருகிறது என்று கேள். 1948ஆம் ஆண்டுத் தொழிற்சாலைச் சட்டம் ஓவர்டைமுக்கு இரட்டைக் கூலி என்றது. மாதச் சம்பளத்தில் கணினி முன்னால் இரவு வரை உட்கார்ந்திருப்பவருக்கு அது ஏன் பொருந்தாமல் போனது என்று விசாரி. எந்தப் பொருளாதார வாதம் உன் முன்னால் வந்தாலும், சீனியரின் கணக்கைப் பிரித்ததைப் போலப் பிரித்து, யாருடைய நேரம் அதில் சேர்ந்திருக்கிறது, யாருடையது விடுபட்டிருக்கிறது என்று பார்த்த பிறகே ஒப்புக்கொள். விடுபட்டதைக் கண்டால் வகுப்பிலேயே எழுந்து கேள், மகளே, கேட்கத் தயங்காதே.

அன்புடன்,
பெரியப்பா