நான்காம் மொழி

சித்தூர் மாவட்டத்தின் தென்மேற்கு மூலையில், குப்பத்தை அடுத்து, ராமகுப்பம் என்னும் ஊர் உள்ளது. ஆந்திரம், தமிழகம், கருநாடகம் ஆகிய மூன்று மாநிலங்களும் நெருங்கி நிற்கும் வட்டாரம் அது. அங்கே ஒரு காய்கறி மண்டியில் சில நாட்கள் காலை வேளைகளில் உட்கார்ந்திருக்கும் வாய்ப்பு எனக்குக் கிடைத்தது. மண்டிக்காரர் தக்காளி கொண்டுவரும் குடியானவரிடம் தெலுங்கு பேசுவார். வாணியம்பாடியிலிருந்து வரும் வியாபாரியிடம் தமிழ் பேசுவார். கோலாருக்குச் சரக்கு ஏற்றும் ஓட்டுநரிடம் கன்னடம் பேசுவார். மூன்று மொழிகளையும் அவர் பள்ளியில் கற்றவர் அல்லர். பிழைப்பும் அண்டை அயலாரும் கற்றுக்கொடுத்தவை அவை.

அந்த மண்டியில் கூடைகளைத் தூக்கி அடுக்கும் இளைஞர் ஒருவர் இருந்தார். வயது இருபதுக்குச் சற்று மேல் இருக்கும். பிறவியிலேயே காது கேளாதவர். மண்டிக்காரர் அவருக்கு விரல்களால் எண்ணிக்கை காட்டுவார். கையசைத்து 'வா', 'போ', 'தூக்கு' என்பார். அவ்வளவே. ஒரு நாள் அவரிடம் என் குறிப்பேட்டை நீட்டினேன். அச்சடித்தாற்போன்ற அழகிய தெலுங்கு எழுத்தில் தம் பெயரையும் ஊரின் பெயரையும் எழுதினார். நான் மகிழ்ந்துபோய், எனக்குத் தெரிந்த தெலுங்கில், 'உங்கள் வீட்டில் எத்தனை பேர்?' என்று அதன் கீழே எழுதிக் கொடுத்தேன். அவர் அந்தக் கேள்வியையே அதன் அடியில் பார்த்து எழுதித் திருப்பித் தந்தார்.

எட்டாம் வகுப்புவரை அவர் ஊர்ப் பிள்ளைகளோடு ஒரே அறையில் அமர்ந்து படித்தவர் என்று பிறகு அறிந்தேன். அத்தனை ஆண்டுகளில் அவருக்குக் கிடைத்தது கரும்பலகையைப் பார்த்து எழுதும் பயிற்சி மட்டுமே. வகுப்பில் அவரைச் சேர்த்தார்கள். ஆனால் அவர் வகுப்போடு சேரவில்லை. இவ்விரண்டிற்கும் உள்ள வேறுபாட்டைப் பற்றியே மாணவ நண்பர்களோடு சிறிது சிந்திக்க விரும்புகிறேன்.

கேள்வி இல்லாத வீடு

'கேள்வி' என்னும் சொல்லுக்கு நம் மொழியில் இரண்டு பொருள் உண்டு. செவியால் கேட்பதும் கேள்வி. ஐயத்தை வினவுவதும் கேள்வி. நாம் அறிந்தவற்றுள் பெரும்பகுதி எவரும் நமக்கெனச் சொல்லிக்கொடுத்தவை அல்ல. பெற்றோர் தமக்குள் பேசியதையும், திண்ணையில் பெரியவர்கள் பேசியதையும் கேட்டுக்கொண்டே அறிந்தவை. காது கேளாத குழந்தைக்கு அந்த வழி இல்லை. வினவுவதற்கும் ஒரு மொழி வேண்டுமன்றோ? அதுவும் இல்லையாயின் இரண்டு கேள்விகளும் அக்குழந்தைக்கு இல்லாமற் போகின்றன.

காது கேளாமல் பிறக்கும் குழந்தைகளுள் பத்தில் ஒன்பதுக்கு மேற்பட்டோர் காது கேட்கும் பெற்றோருக்கே பிறக்கின்றனர் என்று அமெரிக்க ஆய்வுகள் கூறுகின்றன. சைகை மொழி தெரிந்தவர் எவரும் இல்லாத வீட்டில், தாயும் சேயும் தமக்குள் சில சைகைகளை ஆக்கிக்கொள்கின்றனர். பசி, தூக்கம், சந்தை, கோபம் ஆகியவற்றிற்கு அவை போதும். நேற்று நடந்ததையும், நாளை நடக்கப்போவதையும், ஒன்று ஏன் நடந்தது என்பதையும் சொல்ல அவை போதா. மனிதமூளை மொழியை எளிதாகப் பற்றிக்கொள்ளும் பருவம் முதற் சில ஆண்டுகளே. அப்பருவம் எந்த மொழியும் இன்றிக் கழிந்தால், பின்னர்ப் பள்ளியில் வைக்கும் எழுத்துகள் வெறும் கோடுகளாகவே நிற்கும்.

ஈண்டு ஒரு சொல்லைப் பற்றியும் கூற வேண்டும். இவர்களை 'ஊமை' என்கிறோம். பெரும்பாலோர்க்குக் குரல்வளையில் குறை ஏதும் இல்லை. கேளாத ஒலியைத் திருப்பிச் சொல்ல இயலவில்லை என்பதே உண்மை. தவறான பெயர் தவறான மருந்திற்கு வழிகாட்டும் என்பதை வரலாறு நமக்குக் காட்டுகிறது.

மிலானில் எடுத்த முடிவு

பாரிசு நகரில் தெலெப்பே என்னும் பாதிரியார் 1760-ஐ ஒட்டிய ஆண்டுகளில் காது கேளாதோர்க்கெனப் பள்ளி தொடங்கினார். அவர்களிடையே ஏற்கெனவே வழங்கிய சைகைகளைக் கொண்டே அவர்களுக்குக் கற்பித்தார். அவ்வழியில் தேர்ந்த ஆசிரியர் ஒருவரின் துணையோடு 1817-இல் அமெரிக்காவின் ஆர்ட்ஃபோர்டு நகரில் ஒரு பள்ளி எழுந்தது. 1864-இல் வாசிங்டனில் உயர்கல்விக்கே ஒரு கல்லூரி அமைந்தது. அதுவே இன்றைய காலடெட் பல்கலைக்கழகம்.

ஆனால் 1880-இல் இத்தாலியின் மிலான் நகரில் கூடிய ஆசிரியர் மாநாடு, சைகையை விலக்கி வாய்ப்பேச்சினாலேயே கற்பிக்க வேண்டும் என்று தீர்மானித்தது. வாக்களித்தோர் ஏறத்தாழ அனைவரும் காது கேட்பவர்கள்! அதன்பின் பல நாடுகளில் பிள்ளைகள் பாடப்பொருளைக் கற்க வேண்டிய காலத்தை உதட்டசைவைப் படிப்பதிலும் ஒலியை எழுப்புவதிலும் கழித்தனர். இம்முடிவு விளைத்த தீங்கிற்கு, 2010-இல் கனடாவின் வான்கூவரில் கூடிய அதே வகை மாநாடு வருத்தம் தெரிவித்தது. அதற்குள் 130 ஆண்டுகள் ஓடிவிட்டன.

இந்தியாவில் காது கேளாதோர் பள்ளிகள் தொடங்கியது அந்த மிலான் காலத்தில்தான். 1880-களில் பம்பாயிலும், 1893-இல் கல்கத்தாவிலும், அதே பத்தாண்டில் நம் பாளையங்கோட்டையிலும் அவை எழுந்தன. பாளையங்கோட்டைப் பள்ளி இன்றும் அதனைத் தொடங்கிய ஃபிளாரன்சு சுவைன்சன் அம்மையாரின் பெயரைத் தாங்கி நிற்கிறது. எவரும் கருதாத பிள்ளைகளைத் தேடிச் சேர்த்த அத்தொண்டு பெரிது. எனினும் நம் நாட்டிலும் சைகை நெடுங்காலம் வகுப்பறைக்கு வெளியே, விடுதியிலும் விளையாட்டுத் திடலிலுமே வளர நேர்ந்தது.

சைகை ஒரு மொழியே

சைகை என்றால் நாட்டியத்தின் அபிநயம் போன்றது என்று நம்மிற் பலர் எண்ணுகின்றனர். அன்று. வில்லியம் ஸ்டோக்கி என்னும் பேராசிரியர் 1960-இல் அமெரிக்கச் சைகை மொழியை ஆராய்ந்து வெளியிட்டார். கையின் வடிவம், அது நிற்கும் இடம், அதன் அசைவு ஆகியவை, நம் எழுத்தொலிகள் சொல்லை ஆக்குவதுபோலவே, சைகைச் சொல்லை ஆக்குகின்றன என்று காட்டினார். நம் நாட்டில் டில்லி, பம்பாய், கல்கத்தா, பெங்களூர் ஆகிய நகரங்களின் சைகைகளை 1970-களில் மதன் வசிட்டாவும் அவர்தம் துணைவரும் ஒப்பிட்டு ஆராய்ந்தனர். வசிட்டா தாமே காது கேளாத அறிஞர். நான்கிடத்தும் இலக்கணம் ஒத்திருப்பதையும், சொற்களிற் பெரும்பகுதி உறவுடையவை என்பதையும் அவர்கள் கண்டனர்.

இந்தியச் சைகை மொழி தமிழையோ இந்தியையோ கையால் காட்டுவது அன்று. அதற்குத் தனி இலக்கணம் உண்டு. 'எங்கே', 'யார்' போன்ற வினாச்சொல் அதில் வாக்கியத்தின் இறுதியில் வரும். புருவமும் தலையசைவும் இலக்கணத்தின் உறுப்புகளே.

இரண்டு ஊர்கள்

அப்படியாயின் காது கேளாதோர் சமுதாயத்தோடு இணைவது எவ்வாறு? இதற்கு விடை கூறும் ஊர்கள் இரண்டு உள்ளன. ஒன்று, அமெரிக்கக் கடற்கரையை அடுத்த மார்த்தாவின் திராட்சைத் தோட்டம் என்னும் பெயருடைய தீவு. வழிவழியாக அங்குக் காது கேளாதோர் மிகுதியாகப் பிறந்தனர். ஆதலின் தீவின் சில ஊர்களில் காது கேட்போரும் சைகை மொழியை அறிந்திருந்தனர். நோரா குரோசு என்னும் ஆய்வாளர் அவ்வரலாற்றை 1985-இல் நூலாக்கினார். காது கேளாதோர் அங்கே மீன்பிடித்தனர், பயிரிட்டனர், மணம்புரிந்தனர், ஊர்க்கூட்டங்களில் கலந்துகொண்டனர். அவர்களைத் தனிக்கூட்டமாக எவரும் கருதவில்லை.

மற்றோர் ஊர் நமக்கு அண்மையில், கருநாடகத்துச் சிக்கபள்ளாப்பூர் மாவட்டத்தில் உள்ள அலிப்பூர். உறவுக்குள்ளேயே மணம்புரியும் வழக்கத்தால் அவ்வூரிலும் காது கேளாதோர் மிகுந்துள்ளனர். அவர்களுக்கென ஒரு சைகை மொழி அவ்வூரிலேயே பிறந்து வளர்ந்துள்ளது. காது கேட்கும் ஊராரும் அதனைக் கையாள்கின்றனர். அம்மொழியைக் காது கேளாத மொழியியலார் சிவாஜி பாண்டா ஆராய்ந்துள்ளார்.

இவ்விரண்டு ஊர்களும் கற்பிக்கும் பாடம் ஒன்றே. கேளாதவர் எல்லாத் தொலைவையும் தாமே நடந்து நம்மிடம் வர வேண்டும் என்பது இணைப்பு ஆகாது. பாதி வழி நாமும் நடக்க வேண்டும். செவிப்பொறியும், உட்செவியில் பொருத்தும் கருவியும் பலருக்குப் பயன் தருகின்றன. அவற்றை வேண்டாம் என்பாரில்லை. ஆனால் கருவி கிடைக்கும்வரை, அது பயன் தரும்வரை, குழந்தையின் மொழி காத்திருக்க முடியாது.

சட்டமும் நாமும்

2011-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி நம் நாட்டில் செவித்திறன் குறைந்தோர் ஏறத்தாழ 50 லட்சம் பேர். 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் இவர்களுக்கு ஏற்ற மொழியிலும் முறையிலும் கல்வி தர வேண்டும் என்கிறது. சைகை மொழி அறிந்த ஆசிரியர்களை அமர்த்த வேண்டும் என்கிறது. இரண்டாம், மூன்றாம் மொழிப்பாடங்களிலிருந்து விலக்கும் அளிக்கிறது. டில்லியில் 2015-இல் இந்தியச் சைகை மொழி ஆராய்ச்சி பயிற்சி மையம் தோன்றியது. 2018-இல் 3,000 சொற்களோடு அது வெளியிட்ட அகராதி 2021-இல் 10,000 சொற்களாக வளர்ந்தது. 2021-இல் தேசியத் திறந்தநிலைப் பள்ளியில் சைகை மொழி ஒரு மொழிப்பாடமாகவும் ஆயிற்று.

சட்டம் வாயிலைத் திறக்கும். உள்ளே வருபவரோடு பேச வேண்டியவர் நாம். கல்லூரியில் நம் அருகே காது கேளாத தோழர் ஒருவர் அமர்ந்தால், பாடக்குறிப்பைப் பகிர்ந்துகொள்ளலாம். விரிவுரையாளர் கரும்பலகையைப் பார்த்துக்கொண்டே பேசினால் பணிவோடு நினைவூட்டலாம். நம் மன்ற விழாக்களில் ஒரு சைகை மொழிபெயர்ப்பாளரை அமர்த்தலாம். எல்லாவற்றிற்கும் மேலாக, அந்த அகராதியின் காணொளிகளைக் கொண்டு நாளொன்றுக்கு ஐந்து சொற்களைக் கற்கலாம். மூன்று மொழிகளைப் பள்ளிப்படிப்பின்றியே கற்ற ராமகுப்பத்து மண்டிக்காரரால் நான்காவதையும் கற்க முடியும். அப்படி ஒரு மொழி இருக்கிறது என்று அவரிடம் சொன்னவர் எவரும் இல்லை, குறை அதுவே.

நான் ஊர் திரும்பும் நாளில் அந்த இளைஞர் மண்டிக்காரரின் தோளைத் தட்டி என்னைக் காட்டினார். பிறகு இரண்டு விரல்களால் தம் சட்டைப்பையைத் தொட்டு, பேனாவை எடுப்பதுபோல் ஒரு சைகை செய்தார். மண்டிக்காரர் சிரித்துக்கொண்டே எனக்கு விளக்கினார்: "அதுதாங்க அவன் உங்களுக்கு வச்சிருக்கிற பேரு." அவர் எனக்குப் பெயரிட்டுவிட்டார். அவரைப் பெயர் சொல்லி அழைக்க ஒரு சைகையை நான் கேட்டறியவில்லை. அடுத்த முறை செல்லும்போது அதுவே என் முதற்கேள்வி; அதனைக் கையாலேயே கேட்கப் பழகிக்கொண்டிருக்கிறேன்.