எல்லை வழக்கும் நில அளவையும்

பாலக்காட்டுக் கணவாயிலுள்ள கஞ்சிக்கோட்டில் வேலித் தகராறு ஒன்று வழக்காக மாறிற்று எனக் கொள்வோம். 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 26ஆம் கட்டளைப்படி, இடத்தைப் பார்வையிட்டு அறிக்கை தர நீதிமன்றம் ஓர் ஆணையரை நியமிக்கலாம். அளப்பவர் நில அளவையாளர். வேலியிலிருந்து அளத்தல் கூடாது; வேலியே அன்றோ வழக்கு! ஐயத்திற்கிடமற்ற பழைய அளவைக் கற்களிலிருந்தே அளவை தொடங்கும்.

மலையடிவாரச் சரிவில் மற்றொரு மயக்கமும் உண்டு. அளவைப் படம் காட்டுவது கிடைமட்டத் தூரம். 30 பாகைச் சரிவில் தரையோடு 100 மீட்டர் அளந்தால், படத்தில் அது ஏறத்தாழ 86.6 மீட்டரே. எஞ்சிய 13.4 மீட்டரை அயலார் ஆக்கிரமிப்பென்று கருதிவிடுவர்.

ஆணையரின் அறிக்கை சான்றேயன்றித் தீர்ப்பன்று. நீதிமன்ற அனுமதியுடன் வழக்காடுவோர் அவரையே விசாரிக்கலாம்.