சிங்கப்பூர் துணைப் போலீஸ் வேலை: காசு கட்டுமுன் படியுங்கள்

சிங்கப்பூரின் துணைக் காவல் படைகள் வெளிநாட்டவரை எடுப்பது புதிதல்ல. மலேசியர்கள் ரொம்ப காலமாக இருக்கிறார்கள், 2017-இல் தைவான்காரர்கள் வந்தார்கள். இப்போது இந்தியா, இலங்கை, சீனா, மியன்மார், பிலிப்பீன்ஸ் நாட்டவரையும் எடுப்பதாக உள்துறை அமைச்சர் கா. சண்முகம் 2025 ஜனவரியில் நாடாளுமன்றத்தில் தெரிவித்தார். செய்தி உண்மைதான். ஆனால் அந்தச் செய்தியைக் காட்டி உங்களிடம் லட்சக்கணக்கில் கேட்பவரை நம்பிவிடாதீர்கள். பாஸ்போர்ட்டை ஏற்கெனவே யாரிடமாவது கொடுத்திருந்தால், இன்றே திருப்பி வாங்கிவிட்டு மேலே படியுங்கள்.

செய்ய வேண்டியவை

• எந்தப் போலீஸ் என்று முதலில் கேளுங்கள். ஊரிலிருந்து வருபவரை எடுப்பவை செர்டிஸ், ஏட்டோஸ் போன்ற துணைக் காவல் நிறுவனங்கள். 'சிங்கப்பூர்க் காவல்துறையிலேயே சேர்த்துவிடுகிறேன்' என்பவரிடம் மேற்கொண்டு பேச ஒன்றுமில்லை.

• நிறுவனத்தின் சொந்த இணையதளத்தில் வேலை அறிவிப்பைத் தேடுங்கள். வாட்ஸ்அப் படத்தில் யார் வேண்டுமானாலும் லோகோ ஒட்டலாம்.

• ஏஜென்ட்டின் உரிமத்தைச் சரிபாருங்கள். சிங்கப்பூர் ஏஜென்சி என்றால் மனிதவள அமைச்சின் பட்டியலில் இருக்க வேண்டும். இந்திய ஏஜென்ட் என்றால் இ-மைக்ரேட் தளத்தில். இலங்கையில் இருப்பவர்கள் வெளிநாட்டு வேலைவாய்ப்புப் பணியகத்தை 1989 என்ற எண்ணில் அழையுங்கள்.

• கட்டண வரம்பை மனப்பாடம் செய்யுங்கள். சிங்கப்பூர் ஏஜென்சி உங்களிடம் வாங்கக்கூடியது ஒப்பந்தத்தின் ஒவ்வோர் ஆண்டுக்கும் ஒரு மாதச் சம்பளம். எப்படிப் பார்த்தாலும் இரண்டு மாதச் சம்பளத்துக்கு மேல் கூடாது. இந்தியாவில் பதிவு பெற்ற ஏஜென்ட்டுக்கு 30,000 ரூபாயும் ஜிஎஸ்டியும்தான் உச்சம். ரசீது தராவிட்டால் எழுந்து வந்துவிடுங்கள்.

• ஐபிஏ (வேலை பாஸுக்கான முன்அனுமதிக் கடிதம்) கைக்கு வந்ததும் வரிவரியாகப் படியுங்கள். முதலாளி பெயர், சம்பளம், பிடித்தம் மூன்றும் உங்களுக்குச் சொன்னதோடு ஒத்துப்போக வேண்டும். அது உண்மையானதுதானா என்பதை மனிதவள அமைச்சின் இணையதளத்திலேயே பார்த்துவிடலாம்.

• இன்று சாயங்காலமே ஓடத் தொடங்குங்கள். சிங்கப்பூர்ச் சீருடைப் பணிகளில் 2.4 கிலோமீட்டர் ஓட்டம் பழைய அளவுகோல். பயிற்சிக்குப் போய் உடம்பைத் தேற்றலாம் என்பது நடக்காத காரியம்.

• ஆங்கிலத்தில் நடந்ததை நடந்தபடி எழுதிப் பழகுங்கள். பணியில் இருக்கும்போது உங்களுக்குப் போலீஸ் அதிகாரம் உண்டு. நீங்கள் எழுதும் அறிக்கை நீதிமன்றம் வரை போகலாம்.

• தேக்காவில் (லிட்டில் இந்தியா) 2013 டிசம்பர் 8 இரவு நடந்ததைப் படித்துவிட்டு நேர்காணலுக்குப் போங்கள். ரேஸ் கோர்ஸ் ரோடு, ஹாம்ப்ஷயர் ரோடு சந்திப்பில் தமிழகத் தொழிலாளி ஒருவர் தனியார் பேருந்தில் சிக்கி இறந்தார், கலவரம் வெடித்தது. மீட்புப் பணியைக் கூட்டம் தப்பாகப் புரிந்துகொண்டதும் ஒரு காரணம் என்றது ஜி. பன்னீர்செல்வம் தலைமையிலான விசாரணைக் குழு. முன்வரிசை அதிகாரிகளுக்குக் கூடுதல் பயிற்சி வேண்டும், ஆள்பலம் வேண்டும் என்றும் பரிந்துரைத்தது. இன்னும் 1,000 பேர் தேவை என்று அப்போதைய காவல்துறை ஆணையர் இங் ஜூ ஹீயே அந்தக் குழுவிடம் கேட்டார். அப்படிப்பட்ட நேரத்தில் 'ஆளைக் காப்பாத்தத்தான் பாக்குறாங்க, தள்ளி நில்லுங்கண்ணே' என்று தமிழில் உரக்கச் சொல்லத் தெரிந்தவர் பத்து தடுப்புக்கம்பிக்குச் சமம். உங்கள் தமிழ் ஒரு தகுதி, கூச்சப்படாமல் சொல்லுங்கள்.

• 2015 மதுக் கட்டுப்பாட்டுச் சட்டத்தைத் தெரிந்துகொள்ளுங்கள். லிட்டில் இந்தியாவில் சனிக்கிழமை காலை 7 மணியிலிருந்து திங்கள் காலை 7 வரை பொது இடத்தில் குடிக்கக் கூடாது. ஞாயிறு ரோந்தில் அதிகம் தேவைப்படும் சட்டம் இதுதான்.

செய்யக்கூடாதவை

• கடன் வாங்கிக் கட்டாதீர்கள், ஆலோங் (உரிமமில்லா வட்டிக்காரர்) பக்கம் தலைவைத்தும் படுக்காதீர்கள். இது துப்பாக்கி ஏந்தும் வேலை. 2021 ஏப்ரலில் ஜூரோங்கில் ஒரு துணைப் போலீஸ்காரர் பணிக்குக் கொடுத்த ரிவால்வரைக் காட்டி வட்டிக்கடையில் கொள்ளையடித்தார். பின்னணியில் சூதாட்டக் கடன். கழுத்தளவு கடனோடு வருபவரை எந்தப் படையும் சந்தேகத்தோடுதான் பார்க்கும், பார்க்கவும் வேண்டும். நகையை விற்று ஏஜென்ட்டுக்குக் கொடுத்துவிட்டு வந்தவர் முதல் மாதமே குறுக்குவழி தேடுவதை நான் பார்த்திருக்கிறேன்.

• போலிச் சான்றிதழ் கொடுக்காதீர்கள். வேலை பாஸுக்குப் பொய்த் தகவல் தந்தால் 20,000 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) வரை அபராதம் அல்லது 2 ஆண்டு வரை சிறை, இரண்டும்கூட.

• பழைய வழக்கையும் நோயையும் மறைக்காதீர்கள். சொன்னால் ஒருவேளை வேலை கிடைக்காமல் போகலாம், மறைத்துப் பிடிபட்டால் கிடைத்த வேலையும் போகும்.

• சுற்றுலா விசாவில் வந்து வேலையில் சேராதீர்கள். 'வந்துவிடுங்கள், பாஸ் போட்டுக்கலாம்' என்பவர் விமான நிலையத்துக்கு வரமாட்டார்.

• பாஸ் வாங்கித் தரவோ புதுப்பிக்கவோ முதலாளி தரப்பில் யாருக்கும் காசு கொடுக்காதீர்கள். வாங்கினவருக்கு 30,000 வெள்ளி வரை அபராதம், 2 ஆண்டு வரை சிறை. கேட்ட தேதியையும் தொகையையும் எழுதி வையுங்கள்.

• ஊர்க்காரர் என்று விட்டுக்கொடுக்காதீர்கள், ஊர்க்காரர் என்று கூடுதலாக விரட்டவும் செய்யாதீர்கள். இரண்டாவதுதான் அதிகம் நடக்கிறது. நேர்மையைக் காட்டுகிறேன் பேர்வழி என்று சொந்த மொழிக்காரரிடம் மட்டும் குரலை உயர்த்துவது நியாயமாகாது.

• டீக்காசுகூட வாங்காதீர்கள். ஊழல் தடுப்புச் சட்டப்படி 1 லட்சம் வெள்ளி வரை அபராதம், 5 ஆண்டு வரை சிறை. சின்னத் தொகை என்று சொல்லித் தப்பிக்க முடியாது.

• நிறத்தையும் உச்சரிப்பையும் கேலி செய்தால் சிரித்து மழுப்பாதீர்கள், நீங்களும் பதிலுக்கு மலாய்க்காரரையோ சீனரையோ கேலி செய்யாதீர்கள். மேலதிகாரிக்கு எழுத்தில் கொடுங்கள். வாய்ப்பேச்சுப் புகார் மறுநாள் காணாமல் போகும்.

• ஏமாந்துவிட்டோமே என்று வெட்கப்பட்டு அறைக்குள் முடங்காதீர்கள். சிங்கப்பூரில் இருந்தால் வெளிநாட்டு ஊழியர் நிலையத்தை 6536 2692 என்ற எண்ணில் எந்த நேரமும் அழைக்கலாம். இப்போதே போனில் பதிந்துகொள்ளுங்கள்.