தாய்மை யாருடைய பணி?

பெண்ணென்றால் தாய்மை, தாய்மையென்றால் குழந்தை வளர்ப்பு என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். கருவைச் சுமந்து பெறுவது பெண்ணின் உடலால் ஆவது, அதில் ஐயமில்லை. ஆனால் பெற்ற குழந்தையை ஏந்தி, அதன் அழுகையின் பொருளறிந்து ஆற்றுவதும் பெண்ணுக்கு மட்டுமே வாய்த்த இயல்புதானா? உளவியல் மாணவி என்ற முறையில், இவ்வினாவிற்கு ஆய்வுகள் தரும் விடையை இங்கே தொகுத்துக் கூற விழைகிறேன்.

பௌல்பியின் அறிக்கை

இரண்டாம் உலகப்போர் எண்ணற்ற குழந்தைகளை வீடற்றவர்களாக்கியது. அத்தகைய குழந்தைகளின் மனநலம் குறித்து உலக சுகாதார நிறுவனத்திற்காக ஜான் பௌல்பி என்ற ஆங்கிலேய மனநல மருத்துவர் எழுதிய அறிக்கை 1951இல் வெளிவந்தது. அன்பும் நெருக்கமும் கொண்ட இடையறாத உறவு குழந்தைக்குத் தேவை. அது தாயிடமோ, தாயின் இடத்தில் நிலையாக நிற்கும் ஒருவரிடமோ கிடைக்கவேண்டும் என்பது அவர் கருத்து. தந்தையை அவர் இரண்டாம் இடத்திலேயே வைத்தார். உலகமோ 'தாய்' என்ற சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டது. வேலைக்குச் செல்லும் தாய் குழந்தைக்குக் கேடு செய்கிறாள் என்ற பழிக்கு இவ்வறிக்கையும் துணையாயிற்று.

கம்பித் தாயும் துணித் தாயும்

பாலூட்டுவதால்தான் குழந்தை தாயை நாடுகிறது என்று அந்நாளில் பலர் நம்பினர். அமெரிக்காவின் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தில் ஹாரி ஹார்லோ இதனைச் சோதித்தார். குரங்குக் குட்டிகளுக்குக் கம்பியால் ஒரு பொம்மைத் தாயும், மெத்தென்ற துணியால் ஒரு பொம்மைத் தாயும் செய்து வைத்தார். பால் கம்பித் தாயிடம் இருந்தபோதும், குட்டிகள் துணித் தாயையே கட்டிக்கொண்டு கிடந்தன. 1958இல் வெளியான இம்முடிவு, பாலினும் அணைப்பே பெரிதென்று காட்டியது.

தனிமையில் அடைத்து வளர்க்கப்பட்ட குரங்குகள் பின்னாளில் தம் இணையோடு கூடவும் அறியாது திகைத்தன. அவ்வாறு வளர்ந்த பெண் குரங்குகள் குட்டி ஈன்றபோது, பல தம் குட்டியைப் புறக்கணித்தன. சில துன்புறுத்தவும் செய்தன. குரங்கு மனிதனன்று என்பது உண்மையே. எனினும், பாலுணர்வும் தாய்மையும் பிறவியிலேயே முற்றுப்பெற்றவை அல்ல, குழந்தைப் பருவ உறவுகளில் ஊன்றி வளர்பவை என்று இதிலிருந்து உணரலாம்.

கிளாஸ்கோ குழந்தைகள்

ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரில் 60 குழந்தைகளை அவர்கள் வீட்டிலேயே கண்டு ஆராய்ந்த ஷாஃபர், எமர்சன் இருவரும் 1964இல் தம் முடிவை வெளியிட்டனர். பதினெட்டாம் மாதத்தில் பெரும்பாலான குழந்தைகள் ஒருவரிடம் மட்டுமன்றிப் பலரிடமும் பற்றுக்கொண்டிருந்தன. நான்கில் மூன்று பங்குக் குழந்தைகள் தந்தையிடமும் பற்றுக்கொண்டிருந்தன. உணவூட்டிக் குளிப்பாட்டியவரையே எல்லாக் குழந்தைகளும் முதன்மையாக நாடவில்லை. தன் அழைப்புக்கு விரைந்து செவிசாய்த்து, தன்னோடு கலந்து பழகியவரையே குழந்தை தேர்ந்தெடுத்தது.

நாம் பூட்டும் வேடம்

குழந்தை பால் வேறுபாடு பாராதிருக்க, நாமோ அதனைத் தொட்டிலிலேயே தொடங்கிவிடுகிறோம். 1976இல் வெளியான காண்ட்ரி தம்பதியரின் ஆய்வில் 204 பேருக்கு ஒரே குழந்தையின் படம் திரையிடப்பட்டது. பெட்டியிலிருந்து துள்ளியெழும் பொம்மையைக் கண்டு அக்குழந்தை அழுகிறது. ஆண் குழந்தை என்று சொல்லப்பட்டவர்கள் அதில் சினத்தைக் கண்டனர். பெண் குழந்தை என்று சொல்லப்பட்டவர்கள் அச்சத்தைக் கண்டனர். அழுகை ஒன்றே, பார்த்த கண்களே வேறு! அச்சமென்று கருதினால் வாரி அணைப்போம். சினமென்று கருதினால் விட்டுவிடுவோம். அணைப்பையே குறைவாகப் பெற்ற சிறுவன், நாளைத் தந்தையாகும்போது அணைக்கத் தயங்கினால் வியப்பென்ன?

தந்தையின் மூளை

இஸ்ரேலின் பார்-இலான் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2014இல் பெற்றோரின் மூளையை ஆராய்ந்து ஒரு முடிவை வெளியிட்டனர். தாயின் துணையின்றி இரு ஆடவர் இணைந்து குழந்தை வளர்க்கும் குடும்பங்களின் தந்தையரையும் அவர்கள் ஆராய்ந்தனர். முழுப்பொறுப்பேற்ற அத்தந்தையரின் மூளையில், குழந்தைக்காக விழிப்புடன் இருக்கும் பகுதி தாய்மாரிடம் காண்பதைப்போன்றே செயற்பட்டது. கருவுற்ற காலம் தாயைப் பதப்படுத்துகிறது எனில், குழந்தையைப் பேணிச் செலவிடும் நேரம் தந்தையைப் பதப்படுத்துகிறது எனலாம்.

அந்த நேரத்தை அவனுக்கு அளிப்பது சமுதாயத்தின் கடமை. ஸ்வீடன் 1974இலேயே குழந்தை வளர்ப்பு விடுப்பைத் தாய், தந்தை இருவருக்கும் உரியதாக்கியது. தொடக்கத்தில் தந்தையர் அதனை அதிகம் பயன்படுத்தவில்லை. ஆகவே 1995இல் ஒரு மாதத்தை ஒவ்வொரு பெற்றோருக்கும் தனியே ஒதுக்கியது. நம் நாட்டில் 2017ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம் தாய்க்கு 26 வார விடுப்பு வழங்கியது. தந்தைக்கு விடுப்பு அதில் இடம்பெறவில்லை.

பட்டம் பெற்றுப் பணிக்குச் செல்லவிருக்கும் தோழியரே! குழந்தைக்கு வேண்டுவது அன்புடன் செவிசாய்க்கும் நிலையான சிலர். நீங்கள் மட்டுமே இரவும் பகலும் அருகிருக்கவேண்டும் என்பதில்லை. மாணவ நண்பர்களே! அந்தச் சிலருள் ஒருவராக உங்களைக் குழந்தை ஏற்கக் காத்திருக்கிறது. தாய்க்கு 'உதவி' செய்வதாக எண்ணாதீர்கள். அது உங்கள் பணியுமாகும், உங்கள் உரிமையுமாகும்.