வலிப்பும் கோப்பியும்: முக்கியக் குறிப்புகள்

தாதியர் பயிற்சித் தேர்வுக்குப் படிப்போருக்கு. எடுத்துக்காட்டுகள் சுங்கை செம்பிலாங், கோலசிலாங்கூர் தோட்டப்புறத்தை ஒட்டியவை.

• வலிப்பு நோயோடு வாழ்வோர் உலகில் ஏறத்தாழ 5 கோடி. முறையான சிகிச்சை கிடைத்தால் 70 விழுக்காட்டினர் வரை வலிப்பில்லாமல் வாழலாம் என்கிறது உலகச் சுகாதார நிறுவனம்.

• அடினோசின்: மூளையின் துடிப்பைத் தணிக்கும் இயற்கைப் பொருள். காஃபீன் இதன் ஏற்பிகளில் முந்திக்கொண்டு உட்கார்ந்துவிடும், தணிப்பு குறையும். உடலில் காஃபீன் பாதியாகக் குறைய ஏறத்தாழ 5 மணி நேரம். மாலை 6 மணிக்குக் குடித்த கோப்பி ஓ, இரவு 11-க்கும் பாதி உள்ளே இருக்கும்.

• அதற்காக “காஃபீன் வலிப்பைத் தரும்” என்று எழுதிவிட வேண்டாம். 2010இல் வெளிவந்த அமெரிக்கத் தாதியர் ஆய்வில், வழக்கமாகக் காஃபீன் குடிப்பதற்கும் வலிப்புக்கும் குறிப்பிடத்தக்க தொடர்பு தெரியவில்லை. “சிலருக்குத் தூண்டக்கூடும்” என்பதே சரியான விடை. எண்ணெய் ஆலையில் இரவு வேலை பார்ப்பவருக்குக் கோப்பியைவிட, அது கெடுக்கும் தூக்கம்தான் பெரிய எதிரி என்பது என் எண்ணம்.

• அளவு: ஆரோக்கியமான பெரியவருக்கு நாளுக்கு 400 மில்லிகிராம் வரை (ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம், 2015). நோயாளிக்கான வரம்பு இதுவன்று, குழப்பிக்கொள்வோர் நிறைய. ரொபஸ்டா கோப்பியில் அரபிகாவைப் போல் ஏறத்தாழ இரு மடங்கு காஃபீன். நம் கடைத்தூளின் கறுப்பு, சீனியும் மார்ஜரினும் சேர்த்து வறுத்ததால் வந்தது. நிறத்தைப் பார்த்து வீரியத்தைக் கணிக்க முடியாது.

• கீட்டோஜெனிக் உணவு (வலிப்புக்கான கொழுப்பு மிகுந்த உணவு முறை): 1921, மேயோ கிளினிக், ரஸ்ஸல் வைல்டர். பழைய முறையில் கொழுப்பு 4 பங்கு, புரதமும் மாவுச்சத்தும் சேர்ந்து 1 பங்கு. 2008இல் லண்டன் ஆய்வில் 145 குழந்தைகள். 3 மாதத்தில் இந்த உணவு உண்டவர்களில் 38 விழுக்காட்டினருக்கு வலிப்பு பாதிக்கும் மேல் குறைந்தது, மற்றக் குழுவில் 6 விழுக்காடு. மருத்துவர், உணவியலாளர் மேற்பார்வையில்லாமல் தொடங்கக்கூடாது: மலச்சிக்கல், சிறுநீரகக் கல் வரலாம்.

• நடுத்தரச் சங்கிலிக் கொழுப்பு முறை (கீட்டோஜெனிக் உணவின் இன்னொரு வகை): 1971, ஹூட்டன்லாக்கர். இங்கேதான் நம்மவர் சறுக்குவார்கள்: செம்பனை எண்ணெயையே அந்தக் கொழுப்பு என்று நினைத்துவிடுவார்கள். மலேசியாவின் முதல் வணிகச் செம்பனைத் தோட்டம் நம் மாவட்டத்தில், பெஸ்தாரி ஜெயா (முன்னாள் பத்தாங் பெர்ஜுந்தை) அருகே தென்னமாரத்தில், 1917இல் ஹென்றி ஃபோக்கோனியே போட்டது. சரியாக வராத கோப்பிக்குப் பதிலாக. பெயரில் தென்னை, மண்ணில் செம்பனை! ஆனால் செம்பனை எண்ணெயில் பால்மிடிக், ஒலெயிக் அமிலங்களே மிகுதி. சிகிச்சைக்கான அந்தக் கொழுப்பு இதுவன்று.

• நட்சத்திரப்பழம், அதாவது பெலிம்பிங்: இதிலுள்ள காரம்பாக்சின் நஞ்சைப் பிரேசில் ஆய்வாளர்கள் 2013இல் இனங்கண்டனர். சிறுநீரகம் பழுதானவருக்கு வலிப்பையே வரவழைக்கும். கிரேப்ஃபுரூட் பழமோ, கார்பமாசெபின் மருந்தின் அளவை இரத்தத்தில் ஏற்றிவிடும்.

• விரதம்: தைப்பூசத்துக்கு நோன்பிருந்தாலும் மாத்திரைக்கு விடுப்பில்லை. பட்டினியோடு கண்விழிப்பும் சேர்ந்தால் ஆபத்து இன்னும் கூடும். முன்கூட்டியே மருத்துவரிடம் பேச வேண்டும்.

• கள்ளும் சம்சுவும்: நெடுநாள் மிகையாகக் குடித்தவர் சட்டென நிறுத்தினால், பெரும்பாலும் 6 முதல் 48 மணி நேரத்துக்குள் வலிப்பு வரலாம்.

• அடிக்கடி கேட்கப்படுவது: பன்றி நாடாப்புழு. வேகாத பன்றி இறைச்சி தின்றால் குடலில் புழு வளரும். வலிப்பைத் தரும் நீர்க்கட்டி மூளையில் வருவது, மலம் கலந்த நீரிலும் கழுவாத கீரையிலும் உள்ள முட்டைகளால். ஆகவே சைவருக்கும் வரும்.