பாட்டி பெயர் சொல்லாத நோய்

கேள்வி: வாயில் ஆறாத புண்ணோடு என் பாட்டி இறந்தார். வீட்டில் யாரும் நோயின் பெயரைச் சொன்னதில்லை. இதை வெளிப்படையாகப் பேசத் தொடங்கியது யார்? (வாசகி, கேரி தீவு)

பதில்: உங்கள் பாட்டிக்கு இருந்தது வாய்ப் புற்றுநோயாக இருக்கலாம். புற்றுநோயைப் பற்றி வெளிப்படையாகப் பேசியவர்களில், நம்மவர்களில் முதலில் நினைவுக்கு வருபவர் டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி. 1923இல் தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தவர். அந்த நோய்க்கென்றே தனி மருத்துவமனை வேண்டும் என்று அலைந்தார். சாகப்போகிறவர்களுக்கு எதற்குச் செலவு என்பதே அன்றைய மனநிலை. அவர் விடவில்லை. பெண்கள் வீடு வீடாக நிதி திரட்டினார்கள். 1952இல் நேரு அடிக்கல் நாட்ட, 1954இல் சென்னை அடையாறு புற்றுநோய் நிலையம் 12 படுக்கைகளோடு திறந்தது. மறு ஆண்டு வந்து சேர்ந்த டாக்டர் சாந்தா கடைசிவரை அங்கேயே வாழ்ந்தார்.

இங்கே மலேசியாவில் தேசியப் புற்றுநோய்ச் சங்கம் பிறந்தது 1966இல். ஆனால் நம் தோட்டங்களில் வெற்றிலைச் சுருக்குப்பை இல்லாத பாட்டி ஏது? பாக்கும் புகையிலையும் கன்னத்தில் இரவெல்லாம் அடங்கிக் கிடந்தன. இந்தியப் பெண்களை வாய்ப் புற்றுநோய் அதிகம் தாக்கியதற்கு அதுவே முக்கியக் காரணம்.

அம்மா, உங்கள் வீட்டில் இன்னும் யாராவது வெற்றிலை போடுகிறார்களா? கன்னத்தின் உட்புறத்தை வெளிச்சத்தில் பாருங்கள். துடைத்தாலும் போகாத வெள்ளைத் திட்டு, இரண்டு வாரத்தில் ஆறாத புண், வாய் திறக்க முடியாத இறுக்கம், எது இருந்தாலும் உடனே அரசாங்கப் பல் கிளினிக்குக்கு அழைத்துப் போங்கள்.